ஒரு லைனுக்கு ஒரே டோக்கன்: ஆலை நிர்வாகத்துக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய ஆலை மேலாளர் அவர்களுக்கும் ஹெச்.ஆர். அதிகாரிகளுக்கும்,

வணக்கம். தையல் ஃப்ளோரில் நீங்கள் ஒட்டிய நோட்டீஸைப் பற்றி எழுதுகிறேன். இனி ஒரு லைனுக்கு ஒரே டாய்லெட் டோக்கன். டோக்கன் இல்லாமல் மெஷினை விட்டு எழுந்தால் அந்த நேரம் எங்கள் பேரில் எழுதப்படும். சாயங்காலம் நாலரைக்கு மேல் டாய்லெட் பூட்டியிருக்கும். கன்னடத்தில் மூன்று வரி, கீழே உங்கள் கையெழுத்து. அந்த மூன்று வரி எங்கள் உடம்பை என்ன செய்கிறது என்று உங்களுக்குத் தெரிய வேண்டும். கேட்பதை முதலிலேயே கேட்டுவிடுகிறேன்: டோக்கனை எடுத்துவிடுங்கள். பூட்டைக் கழற்றிவிடுங்கள்.

ஒரு லைனில் நாற்பது பேருக்கு மேல் இருக்கிறோம், பெரும்பாலும் பெண்கள். சூப்பர்வைசர் மேஜைக்குப் பக்கத்துத் தூணில் ஒரு ஆணி. அதில் மஞ்சள் பிளாஸ்டிக் அட்டை தொங்குகிறது, மார்க்கர் பேனாவால் லைன் நம்பர் எழுதி. தைத்துக்கொண்டே அடிக்கடி தலையைத் தூக்கி, அட்டை இருக்கிறதா என்று பார்க்கிறோம். இல்லையென்றால் யார் எடுத்துப் போனது, எப்போது வருவாள் என்று கணக்குப் போடுகிறோம். இருந்தால் மட்டும் போய்விட முடியுமா? நான் எழுந்தால் என் முன்னால் காலர் பண்டல் குவியும். அடுத்த மெஷினில் இருப்பவள் பீஸ் வராமல் சும்மா உட்கார்ந்திருப்பாள், திட்டு அவளுக்கும் விழும். அட்டையைக் கேட்கப் போனால், 'இப்பத்தானே போன?' என்று லைன் முழுக்கக் கேட்கும்படி ஒரு கேள்வி வரும். சின்னப் பெண்கள் அந்தக் கேள்விக்குப் பயந்தே எழுந்திருப்பதில்லை. மாதவிலக்கு நாளில் என்ன அவசரம் என்று ஒரு ஆணிடம் விளக்கிக்கொண்டு நிற்க யாருக்குத்தான் வாய் வரும்?

அதனால் எங்களுக்கு மிஞ்சிய ஒரே வழி, தண்ணீர் குடிக்காமல் இருப்பது. மத்தியானம் சாப்பாட்டு நேரத்தில் எங்கள் பைகளை யாரையாவது விட்டுத் திறந்து பார்க்கச் சொல்லுங்கள். காலையில் வீட்டில் நிரப்பிய பாட்டில் கழுத்து வரை அப்படியே இருக்கும். அயர்ன் டேபிளிலிருந்து ஆவி அடிக்கிறது, மூக்கிலும் தொண்டையிலும் பஞ்சு. ரொம்பக் காய்ந்துபோனால் மூடியில் கொஞ்சம் ஊற்றி நாக்கை நனைத்துக்கொள்கிறோம். சாம்பாரைக் குறைத்துச் சோற்றைக் கெட்டியாகப் பிசைந்து சாப்பிடுகிற பெண்கள் இருக்கிறார்கள். மோர் கொண்டுவந்து கொண்டிருந்தவர்கள் நிறுத்திவிட்டார்கள். சாயங்காலம் கேட்டைத் தாண்டிய பிறகுதான் பாட்டிலைத் திறந்து மடமடவென்று குடிப்பது. ஆத்திரத்தை அடக்கினாலும் மூத்திரத்தை அடக்கக் கூடாது என்று சொல்லி வளர்க்கப்பட்டவர்கள் நாங்கள். இங்கே இரண்டையும் அடக்கிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறோம்.

போன வாரம் எங்கள் லைனில் கஃப் தைக்கிற பெண் மெஷின் மேலேயே தலையைச் சாய்த்துவிட்டாள். உங்களுக்கு ரிப்போர்ட் வந்திருக்கும். காய்ச்சல், வீட்டுக்கு அனுப்பப்பட்டார் என்று எழுதியிருப்பார்கள். அதில் இல்லாததைச் சொல்கிறேன். கிருஷ்ணகிரிப் பக்கத்திலிருந்து வந்து, இன்னும் மூன்று பெண்களோடு ஒரே ரூமில் தங்கியிருக்கிறாள். விழுவதற்குச் சில நாள் முன்பே என் காதோடு, 'அக்கா, நீர்க்கடுப்பு' என்றாள். போகும்போது நெருப்பாக எரிகிறது. போய்விட்டு வந்து உட்கார்ந்தால் உடனே மறுபடியும் முட்டுகிறது, போனால் நாலு சொட்டு. அடிவயிறு இழுத்துப் பிடிக்கிறது. சிறுநீர் கலங்கலாக, நாற்றத்தோடு வருகிறது. இந்த நோய் வந்தவள் அரைமணிக்கு ஒரு தரம் எழுந்து போக வேண்டும். அவளுக்கும் அதே ஒரு டோக்கன்தான். உடம்புச் சூடு என்று நினைத்து ரூமில் கால் கட்டைவிரல் நகத்தில் சுண்ணாம்பு தடவினாள், தொப்புளில் விளக்கெண்ணெய் வைத்தாள். இங்கே ஃபர்ஸ்ட் எய்டு அறையில் வயிற்றுவலி மாத்திரை ஒன்று கொடுத்தார்கள். சித்திரை வெயிலில் பல் கிட்டிக்க நடுங்கினாள். விலாவுக்குக் கீழே முதுகைத் தொட்டாலே துடித்தாள். வாந்தி வேறு. ஆட்டோ பிடித்துக் கூட்டிப் போனது நாங்கள்தான். கிருமி சிறுநீரகம் வரை ஏறிவிட்டது என்றார் டாக்டரம்மா. அட்மிட் செய்து ஊசி வழியாக மருந்து ஏற்றினார்கள். இன்னும் கொஞ்சம் தாமதித்திருந்தால் ரத்தத்திலும் கலந்து உயிருக்கே ஆபத்தாகியிருக்கும் என்றும் சொன்னார்.

அவளைப் பற்றி ஃப்ளோரில் வேண்டாத பேச்சு ஒன்று கிளம்பியது. அதனால் இதையும் எழுத வேண்டியிருக்கிறது. இது நடத்தையால் வருகிற நோய் அல்ல. சூட்டால் வருவதும் அல்ல. எல்லோருடைய குடலிலும் இருக்கிற ஈ.கோலை என்ற பாக்டீரியாதான் பெரும்பாலும் காரணம். ஆசனவாய்ப் பக்கமிருந்து சிறுநீர்த் துவாரத்துக்கு வந்து, உள்ளே ஏறி, சிறுநீர்ப்பைச் சுவரில் ஒட்டிக்கொள்கிறது. ஆண்களுக்குச் சிறுநீர்க்குழாய் ஏறக்குறைய 20 சென்டிமீட்டர் நீளம். பெண்களுக்கு 4 சென்டிமீட்டர்தான். பெண்களில் பாதிப் பேருக்காவது வாழ்நாளில் ஒரு தடவை இது வருவதற்கு அந்த நீளக் குறைவு முக்கியமான காரணம். தண்ணீர் குடித்து, வேளாவேளைக்குப் போய் வந்தால் ஏறுகிற கிருமி சிறுநீரோடு அடித்துக்கொண்டு வெளியே போகும். குடிக்காமலும் போகாமலும் இருந்தால் உள்ளேயே தங்கிப் பெருகும். அடிக்கடி இந்தத் தொற்று வருகிற, தண்ணீர் குறைவாகக் குடிக்கிற பெண்களை வைத்துச் செய்த ஆய்வு ஒன்று 2018-ல் வெளியானது. தினமும் ஒன்றரை லிட்டர் கூடுதலாகக் குடித்தவர்களுக்குத் தொற்று ஏறக்குறைய பாதியாகக் குறைந்தது. நாங்கள் நிரம்பியபடியே திருப்பி எடுத்துப் போகிற பாட்டில் ஒரு லிட்டர்.

எல்லா நீர்க்கடுப்புக்கும் நீங்கள்தான் காரணம் என்று நான் சொல்லவில்லை. தாம்பத்திய உறவுக்குப் பிறகு வரும், சர்க்கரை நோய் உள்ளவர்களுக்கு வரும், மாதவிலக்கு நின்ற வயதில் அதிகமாகும். சிறுநீரகக் கல் இருந்தாலும் வரும். அதையெல்லாம் நாங்களும் டாக்டரும் பார்த்துக்கொள்கிறோம். தண்ணீர் குடிப்பதும் போய் வருவதும் மட்டும் எங்கள் கையில் இல்லை. அது அந்த ஆணியில் தொங்குகிறது.

ஆரம்பத்திலேயே பார்த்தால் இது சுலபமாகக் குணமாகிற நோய். முதலில் வருவதை விட்டு, நடுவில் வருகிற சிறுநீரைப் பிடித்து கல்ச்சர் டெஸ்டுக்குக் கொடுத்தால், என்ன கிருமி, எந்த மருந்துக்கு அடங்கும் என்று இரண்டு மூன்று நாளில் தெரிந்துவிடும். சிறுநீர்ப்பையோடு நின்றிருந்தால் பெரும்பாலும் நைட்ரோஃபுரான்டாயின் மாதிரி ஒரு மாத்திரை ஐந்து நாள், இல்லையென்றால் ஃபாஸ்ஃபோமைசின் பவுடர் ஒரே வேளை. சிறுநீரகத்துக்குப் போய்விட்டால் இவை உதவாது. வேறு மருந்து, ஒரு வாரம், பத்து நாள் என்று நீளும். ஆனால் டாக்டரைப் பார்க்க லீவு வேண்டும். லீவு போட்டால் அட்டென்டன்ஸ் போனஸ் போய்விடும். அதனால் எங்கள் பெண்கள் தெருமுனை மெடிக்கலில் நார்ஃப்ளாக்ஸாசின் இரண்டு வாங்கிப் போட்டுக்கொண்டு, எரிச்சல் அடங்கியதும் மறந்துவிடுகிறார்கள். நம் நாட்டில் ஈ.கோலையில் பெரும்பகுதி அந்த வகை மருந்துக்கு இப்போது அசைவதில்லை. நோய் திரும்பி வருகிறது. அடுத்த தடவை இன்னும் விலை அதிகமான மருந்து.

லைனில் எப்போதும் கர்ப்பிணிப் பெண்கள் இருக்கிறார்கள் என்பதும் உங்களுக்குத் தெரியும். கர்ப்ப காலத்தில் எரிச்சலோ வலியோ இல்லாமலே சிறுநீரில் கிருமி இருக்கலாம். கவனிக்காமல் விட்டால் அது சிறுநீரகத்துக்கு ஏறுவதும் சுலபம். குழந்தை மாதத்துக்கு முன்பே, எடை குறைவாகப் பிறக்கவும் வழி உண்டு. வயிறு பெரிதாகப் பெரிதாகச் சிறுநீர்ப்பைக்கு இடமே இருக்காது, அடிக்கடி முட்டும். எட்டாம் மாதத்தில் ஒருத்தி, டோக்கன் வரட்டும் என்று மெஷினைப் பிடித்துக்கொண்டு நிற்பதை நான் பார்த்தேன். அவள் அழவில்லை. எனக்குத்தான் கையில் ஊசி ஓடவில்லை.

மீட்டிங்கில் ப்ரொடக்‌ஷன் மேனேஜர் சொன்ன காரணத்தையும் கேட்டோம். டாய்லெட்டில் உட்கார்ந்து போன் பார்க்கிறார்களாம். எங்கள் போனைக் காலையிலேயே கேட்டில் வாங்கி வைத்துக்கொள்கிறீர்கள். அங்கே நேரம் ஆவது உண்மை. கதவுகள் சிலவற்றுக்குத் தாழ்ப்பாள் இல்லை, ஒருத்தி வெளியே காவல் நிற்க வேண்டும். குழாயில் தண்ணீர் வருவது சன்னமாக. 2024 கோடையில் பெங்களூரே தண்ணீர் டேங்கருக்கு அலைந்தபோது பக்கெட்டில் ஆளுக்கு ஒரு குவளை அளந்து ஊற்றினோம், யாரும் வாய் திறக்கவில்லை. ஊருக்கே பஞ்சம், சரி என்று பொறுத்துக்கொண்டோம். இப்போது நடப்பது பஞ்சம் அல்ல.

தொழிலாளி ஆலைக்குள் இருக்கிற எந்நேரமும் போகக்கூடியதாக, வசதியான இடத்தில், போதுமான கழிப்பறை இருக்க வேண்டும் என்று 1948-லேயே தொழிற்சாலைகள் சட்டத்தின் 19-ஆம் பிரிவில் எழுதிவிட்டார்கள். நாலரை மணி வரை என்று எழுதவில்லை. நாங்கள் தைப்பதை வாங்குகிற வெளிநாட்டு பையர்களின் ஆட்கள் ஆடிட்டுக்கு வரும் நாளில் உங்களுக்கே அது நினைவிருக்கிறது. அன்றைக்குப் பூட்டு இல்லை, ஆணியில் அட்டை இல்லை. சோப்பு இருக்கிறது, குடிநீர்க் கேன் லைன் பக்கத்திலேயே வந்துவிடுகிறது. ஒரு நாள் முடிகிறது என்றால் எல்லா நாளும் முடியும். யாரோ பார்க்க வருகிறார்கள் என்பதற்காகச் செய்வதை, தினமும் தைத்துக் கொடுக்கிற எங்களுக்காகச் செய்யக் கூடாதா? மணிக்கு இத்தனை பீஸ் என்று போர்டில் எழுதுகிறீர்கள், ஒரு பட்டன் விட்டுப்போனால் செக்கிங்கில் கண்டுபிடிக்கிறீர்கள். பல பெண்கள் பொட்டுத் தண்ணீர் குடிக்காமல் உட்கார்ந்திருப்பது மட்டும் யார் கண்ணிலும் படுவதில்லை. இந்த ஊரில் கார்மெண்ட்ஸ் என்றால் பெண்கள் என்றுதான் அர்த்தம். ஓசூர் ரோடானாலும் மைசூர் ரோடானாலும் பீன்யாவானாலும் மெஷினுக்கு முன்னால் இருப்பது நாங்கள்தான். எங்கள் உடம்புக்கு வேண்டிய ஐந்து நிமிடத்தை நஷ்டக் கணக்கில் எழுத உங்களுக்கு எப்படி மனசு வந்தது?

கோபத்தில் நீண்டுவிட்டது. கேட்க வந்ததைத் திரும்பவும் பணிவாகவே கேட்கிறேன். டோக்கனை எடுத்துவிடுங்கள். ஷிஃப்ட் முடிகிற வரை டாய்லெட் திறந்தே இருக்கட்டும். டார்கெட் கெடும் என்ற கவலை இருந்தால், லைனுக்கு ஒரு ஃப்ளோட்டரைக் கொடுங்கள், எழுந்து போகிறவளின் மெஷினில் அவள் உட்காரட்டும். நைட் ஆர்டர் நேரத்தில் அப்படிச் செய்திருக்கிறீர்கள், நன்றாகத்தான் நடந்தது. தாழ்ப்பாள் போட ஒரு கார்பெண்டருக்கு அரை நாள் போதும். ஃபர்ஸ்ட் எய்டு அறையில் நீர்க்கடுப்பு என்று சொல்லி வருகிறவளை வலி மாத்திரையோடு அனுப்பாமல், அன்றைக்கே இ.எஸ்.ஐ. ஆஸ்பத்திரிக்கு அனுப்பி, அந்த நாளுக்கு அட்டென்டன்ஸ் போனஸ் பிடிக்காமல் இருக்கச் சொல்லுங்கள். கஃப் தைக்கிற அந்தப் பெண் அடுத்த வாரம் வேலைக்குத் திரும்புகிறாள். நிறையத் தண்ணீர் குடிக்கச் சொல்லியும் அடக்கி வைக்காதே என்று சொல்லியும் டாக்டரம்மா சீட்டில் எழுதிக் கொடுத்திருக்கிறார். அவள் வருவதற்கு முன் அந்த ஆணியைப் பிடுங்கிவிடுங்கள்.

உங்கள் பதிலை எங்களில் யாரையும் தனியாகக் கூப்பிட்டுச் சொல்ல வேண்டாம். முதல் நோட்டீஸ் ஒட்டிய அதே போர்டிலேயே ஒட்டுங்கள். இந்த முறை கன்னடத்தோடு தமிழிலும் இந்தியிலும் இருந்தால் எல்லா லைனிலும் படித்துக்கொள்வார்கள்.

இப்படிக்கு,
தையல் பிரிவில் வேலை செய்யும் ஒருத்தி,
பெங்களூரு