உன் ஊரில் ஒரு நெசவாளி மகன்

கல்லடி

அன்பின் மச்சான் றபீக்,

உங்கட வாப்பாவைப் போன கிழமை மருதமுனையில் கண்டேன். முழங்கால் நோவு கொஞ்சம் குறைவு. தறியை இன்னும் விற்கவில்லை, விற்கவும் மாட்டாராம். நீ இனி அந்தக் கதையை எடுக்காதே.

இப்ப என்ர விசயம். நீ இருக்கிற சிட்னிப் பக்கத்துப் பரமட்டாவில் 1826இல் என்ன நடந்தது தெரியுமோ? நியூ சவுத் வேல்ஸ் கவர்னராக இருந்த பிரிஸ்பேனோடு வானம் பார்க்க வந்த ஜேம்ஸ் டன்லொப் என்ற ஸ்கொட்லாந்துக்காரர், தானே செய்த 9 அங்குலத் தொலைகாட்டியால் என்ஜிசி 1365 என்ற கலக்ஸியை, அதாவது எங்கட பால்வீதி போல ஒரு பெரிய நட்சத்திரக் கூட்டத்தைக், கண்டுபிடித்திருக்கிறார். மனிசன்ட தகப்பன் நெசவாளி! வாசித்ததும் உன் நினைப்புத்தான் வந்தது.

படத்தைத் தேடிப் பார். நடுவில் தறி நாடா மாதிரி நீளமாக ஒரு பட்டை, அதன் இரண்டு முனையிலிருந்தும் ஒவ்வொரு கை வளைந்து போகிறது. அந்தப் பட்டை சும்மா கிடக்கவில்லை. வெளியே உள்ள வாயுவை நடுவுக்கு இழுத்து விடுகிறது. அங்கே புது நட்சத்திரங்கள் பிறக்கின்றன, கருந்துளைக்கும் தீனி போகிறது. எங்கட பால்வீதிக்கும் பட்டை உண்டு, ஆனால் இது அதைவிடப் பெரிசு. தூரம் ஏறக்குறைய 5 கோடி 60 லட்சம் ஒளியாண்டு.

டன்லொப்புக்கு ஒரு மங்கல் புகைதான் தெரிந்திருக்கும். அது தனி கலக்ஸி என்று அப்ப ஆருக்கும் தெரியாது, 1920களில் ஹபிள் என்ற அமெரிக்க வானியலாளர் வந்துதான் விளங்கியது. 1828இல் டன்லொப் வெளியிட்ட பட்டியலில் இப்படி மங்கலாகத் தெரிந்தவை 629 இருந்தன. பிறகு ஜோன் ஹேர்ஷல் என்ற ஆங்கிலேய வானியலாளர் தென்னாபிரிக்காவிலிருந்து தேடினால் பாதிக்கு மேல் காணவில்லை! பெயர் கெட்டுப் போச்சு. எனக்கென்றால் அவர் பக்கம்தான் மனம் சாய்கிறது. படித்த கூட்டத்துக்கு வெளியே இருந்து வந்தவன் பிழை விட்டால் கொஞ்சம் கூடுதலாகவே பேசுவார்கள்.

மார்கழி இரவில் அந்தக் கலக்ஸி உனக்கு நேர் உச்சிக்கு வரும். எங்களுக்கு அந்த மாதம் மாரி, முகிலைத்தான் பார்க்கலாம். மாசியில் முகில் கலைந்தபின் பொழுதுபட்டுக் கொஞ்ச நேரத்தில் தெற்கே, சற்று மேற்குச் சாய்வாக நிற்கும். வெறுங்கண்ணுக்குத் தெரியாது. பள்ளிக்கூடத்துத் தொலைகாட்டியை இரவல் கேட்டிருக்கிறேன், தந்தால் கடற்கரைக்குக் கொண்டுபோவேன்.

பரமட்டா பூங்காவில் பிரிஸ்பேனின் வானாய்வுகூடத்தின் கற்கள் இன்னும் நிற்கின்றனவாம். பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு போய் ஒரு படம் எடுத்து அனுப்பு, வாப்பாவுக்குக் காட்ட வேணும். பெருநாளுக்கு வாறதென்றால் முன்னுக்கே சொல்லு.

அன்புடன்,
சிவா