யாரும் பாடாத சுரம்

அன்புள்ள பாப்பாவுக்கு,

நீ அனுப்பிய உன் கதையின் பத்து அத்தியாயங்களையும் படித்துவிட்டேன். எழுத்து பொடியாக இருந்ததால் இரண்டு நாள் பிடித்தது.

குரல்களை அடுக்கி மந்திரம் செய்கிற உலகம். யோசனை பிடித்திருக்கிறது. பெற்ற பிள்ளை எழுதியது என்பதற்காகப் புகழ்கிற ஆள் நான் இல்லை, உனக்கே தெரியும். ஆனால் உன் கதாநாயகி ஜெயிக்கிற விதம்தான் எனக்கு ஒட்டவில்லை. இரண்டு குரல் சேர்ந்தால் விளக்கு எரிகிறது, நாலு சேர்ந்தால் கதவு திறக்கிறது, எட்டு சேர்ந்தால் மலை நகர்கிறது. இது பளு தூக்குகிற கணக்கு. முப்பது வருஷம் பாடகர் குழுவில் ஆல்டோ, அதாவது பெண்களின் கீழ்க்குரல், பாடினவள் சொல்கிறேன், ஆள் கூடக் கூடச் சத்தம் கூடும், அவ்வளவுதான். எட்டுப் பேரில் ஒருத்தர் கொஞ்சம் நழுவினாலும் எல்லாம் கூழாகிவிடும்.

பக்கத்தில் நிற்பவர் 440 ஹெர்ட்ஸில், அதாவது விநாடிக்கு 440 அதிர்வில், பிடிக்கிறார், நான் 442-இல் நிற்கிறேன் என்று வை. நடுவில் ஒரு துடிப்பு கேட்கும், விநாடிக்கு இரண்டு, வவ் வவ் என்று. நான் மெல்ல இறங்கி வர வர அது இழுபடும், தளரும், ஒரு கட்டத்தில் நின்றே போகும். அது நிற்கிற நொடியில் நெஞ்சுக்குள் ஒரு ரீங்காரம் ஓடும் பார், என் குரல் எது, அவர் குரல் எது என்று எனக்கே பிரித்துச் சொல்லத் தெரியாது. மந்திரம் பற்ற வேண்டிய இடம் அது. யாராவது ஒருத்தர் தன் சுரத்தை விட்டுக்கொடுத்தால்தான் அந்த இடம் வரும். உன் கதாநாயகி பத்து அத்தியாயத்தில் ஒரு தடவைகூட விட்டுக்கொடுக்கவில்லை.

இன்னொன்று, பெயர்கள். 'மூன்றாம் நிலை ஒத்திசைவு' என்று ஏன் அரசாணை மாதிரி எழுதுகிறாய்? பழந்தமிழ் இசையில் இணை, கிளை, பகை, நட்பு என்று சுரங்களுக்குள் உறவே சொல்லி வைத்திருக்கிறார்கள். ஒரு மந்திரவாதிக்கு வேறென்ன வேண்டும்?

அப்புறம், ஏழாம் அத்தியாயம். மந்திரம் செய்ததற்கு விலையாக அவளுக்கு மூக்கில் ரத்தம் வருகிறது. எல்லாக் கதையிலும் மூக்கில்தான் ரத்தம் வருகிறது பாப்பா. விலை சுரத்துக்குள்ளேயே இருக்கும்போது அதை ஏன் வெளியே தேடுகிறாய்?

ஒரு தடவை ஆர்கன் இல்லாமல் நாலு சரணம் பாடி, ஐந்தாவதில் ஆர்கன் வந்து சேர வேண்டும் என்று ஏற்பாடு. நாலு சரணமும் தேன் மாதிரி வந்தது. ஐந்தாவதில் ஆர்கன் சேர்ந்தது, நாங்கள் அரைச்சுரம் கீழே நிற்கிறோம். அந்த முகங்களை இன்னும் மறக்கவில்லை. ஆண்களில் மேல்குரல் பாடுகிற டெனர்கள் மேல் பழியைப் போட்டோம், ரொம்ப வருஷம். களைப்பும் காரணமாக இருக்கலாம், சரி. ஆனால் கணக்கிலேயே ஒரு ஓட்டை இருக்கிறது என்பது பிறகுதான் தெரிந்தது. ஐந்தாம் சுரத்தை அதிர்வு விகிதத்தில் சுத்தமாக 3:2 என்றும், மூன்றாம் சுரத்தைச் சுத்தமாக 5:4 என்றும் பிடித்துக்கொண்டு, சேர்ந்து ஒலிக்கிற சில சுரக்கூட்டுகளை ஒரு சுற்றுச் சுற்றினால், கிளம்பிய இடத்துக்கு வந்து சேர மாட்டோம். 81 இருந்த இடத்தில் 80 நிற்கும். ஐந்து சுற்றில் அரைச்சுரம் போய்விடும். இன்றைய பியானோவில் இப்படிப்பட்ட குறைகளைப் பன்னிரண்டு சுரங்களுக்கும் பங்கு போட்டு, எல்லாவற்றையும் கொஞ்சம் பொய்யாக வைத்துச் சமாளிக்கிறார்கள்.

இதை அப்படியே எடுத்துக்கொள். சுத்தமாகப் பாடினால் மந்திரம் முழுசாகப் பலிக்கும், ஆனால் ஒவ்வொரு சுற்றுக்கும் அவள் நிற்கிற தரை ஒரு மயிரிழை இறங்கும். பொய்யாகப் பாடினால் தரை அப்படியே இருக்கும், பலன் பாதிதான். பத்தாம் அத்தியாயத்தில் அவள் மலையைத் தொட்டு நிற்கும்போது எதைத் தேர்ந்தெடுப்பாள்? அதைத்தான் நான் படிக்க வேண்டும்.

இதைவிடப் பெரிய மந்திரம் ஒன்று உன் கையில் இருக்கிறது, நீ கவனிக்கவில்லை. இத்தாலியில் சார்டினியா தீவு, காஸ்டெல்சார்டோ என்கிற ஊர். நாலு ஆண்கள் நெருக்கி நின்று பாடுவார்கள். நாலும் சரியாகக் கலந்தால் மேலே ஐந்தாவதாக ஒரு பெண் குரல் கேட்கும். குவின்டீனா என்று அதற்குப் பெயர், மாதாவின் குரல் என்பார்கள். நாலு குரல்களுக்குள்ளும் இருக்கிற மேல் அதிர்வுகள் ஒன்றன்மேல் ஒன்று விழுந்து அப்படி எழும்புகிறது.

கீழ்ப் பக்கமும் இப்படி ஒன்று உண்டு. 200, 300, 400 ஹெர்ட்ஸ் ஒலிகளைச் சேர்த்துக் கேட்டால், இல்லாத 100-இன் சுருதி காதில் விழும். பழைய லேண்ட்லைன் ஏறக்குறைய 300-க்குக் கீழே எதையும் கடத்தாது. நீ விடுதியிலிருந்து கூப்பிட்ட நாளில் அப்பாவின் கட்டைக்குரலைக் கேட்டாயே, அதன் அடிச்சுரம் கம்பியில் வரவே இல்லை. உன் காது போட்டுக்கொண்டது. உன் எட்டு அடுக்குக்குப் பதில் மூன்று பேரை நிறுத்து. நாலாவது குரல் யாருடையது என்று அவர்கள் திரும்பிப் பார்க்கட்டும்.

போன வாரம் போனில் சேர்ந்து பாடிப் பார்க்கலாம் என்று ஆரம்பித்தோமே, நினைவிருக்கிறதா? என் சுரம் உன்னிடம் வரத் தாமதம், உன்னுடையது என்னிடம் வரத் தாமதம். நீ எனக்காகக் காத்திருந்தாய், நான் உனக்காகக் காத்திருந்தேன், பாட்டு மாட்டுவண்டி ஆகிவிட்டது. உன் உலகத்திலும் மந்திரத்துக்கு ஒரு தூரக் கணக்கு வேண்டும், யோசி.

அடுத்த முறை வரும்போது காகிதத்தை வைத்துவிட்டு வா. நீ கீழ்ச் சுரத்தைப் பிடித்து அசையாமல் நில். விட்டுக்கொடுக்கிற வேலையை நான் பார்த்துக்கொள்கிறேன்.

அன்புடன்,
அம்மா