அந்த ‘இன்னொரு நடிகை’

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம்.

சென்ற இதழில் நடிகை கிரேட்டா கார்போவைப் பற்றி வந்த கட்டுரையை விரும்பிப் படித்தேன். ஸ்டாக்ஹோமிலிருந்து ஹாலிவுட் வரை அவர் போன வழியைக் கட்டுரையாளர் நன்றாகவே சொல்லியிருக்கிறார். ஆனால் 1925இல் ஜி.டபிள்யூ. பாப்ஸ்ட் இயக்கிய ‘மகிழ்ச்சியில்லாத தெரு’ என்ற ஜெர்மன் மௌனப் படத்தைப் பற்றிச் சொல்லும் இடத்தில், இன்னொரு நடிகையின் கதையும் இடையிடையே வருகிறது என்று ஒரு வரி இருக்கிறது. பெயர்கூட இல்லை. இரண்டு நாளாக அந்த வரி மனதை அறுத்துக்கொண்டே இருக்கிறது. அதற்காகத்தான் இந்தக் கடிதம். கொஞ்சம் நீளும், பொறுத்துக்கொள்ள வேண்டும்.

அவர் பெயர் ஆஸ்டா நீல்சன். டென்மார்க்கில் பிறந்தவர். அந்தப் படம் எடுத்தபோது கார்போவுக்கு 19 வயது, ஜெர்மனியில் அவர் அதிகம் தெரிந்தவரல்ல. ஆஸ்டாவுக்கு 43. பதினைந்து வருடமாக ஐரோப்பா முழுக்கத் தெரிந்த முகம். படத்தின் நட்சத்திரம் அவர்தான். இரண்டாவது நாயகியாக வந்தவர் கார்போ. பின்னாளில் கார்போவின் புகழ் ஏறிய வேகத்தில் இது தலைகீழாகிவிட்டது. அதற்கு ஒரு காரணமும் உண்டு, பின்னால் சொல்கிறேன்.

எனக்கு இதில் ஏன் இத்தனை ஆதங்கம் என்றால், நான் இருபத்தைந்து வருடம் அமெச்சூர் நாடகங்களில் நடித்தவன். கடைசி வரிசையில் உட்கார்ந்திருப்பவருக்கும் தெரிய வேண்டும் என்று புருவத்தை உயர்த்தி, கையை வீசி, குரலை ஏற்றிப் பழகிய உடம்பு இது. ஒரு திரைப்படச் சங்கத்தில் ஆஸ்டாவின் முதல் படத்தைப் பார்த்த மாலையில்தான், நடிப்பில் ஒன்றும் செய்யாமல் நிற்பது என்று ஒரு காரியம் இருப்பதே எனக்குப் புரிந்தது. அந்தப் படம் 1910இல் எடுத்தது.

ஆஸ்டா 1881 செப்டம்பர் 11 அன்று கோபன்ஹேகனில், வெஸ்டர்பிரோ என்ற தொழிலாளர் பகுதியில் பிறந்தார். அப்பா பெரும்பாலும் வேலையில்லாத கொல்லர். அம்மா துணி துவைத்துக் கொடுத்துச் சம்பாதித்தவர். அப்பாவுக்கு வேலை தேடிக் குடும்பம் ஊர் ஊராக மாறியது. கடல் தாண்டி ஸ்வீடனின் மால்மோவிலும் சில வருடங்கள் இருந்தார்கள். ஆஸ்டாவுக்குப் பதினான்கு வயதாகும்போது அப்பா இறந்துபோனார். அந்த வீட்டிலிருந்து ஒரு பெண், அரச நாடக அரங்கின் நடிப்புப் பள்ளியில் இடம் வாங்கினார் என்பதே பெரிய விஷயம். படித்துக்கொண்டிருக்கும்போதே, 1901இல், திருமணமாகாமல் ஒரு பெண் குழந்தைக்குத் தாயானார். குழந்தையின் தகப்பன் யார் என்று அவர் கடைசிவரை வெளியில் சொன்னதில்லை. அம்மாவும் அக்காவும் கைகொடுக்க, மகளை வளர்த்துக்கொண்டே படிப்பை முடித்து மேடைக்கு வந்தார்.

மேடை அவரைக் கண்டுகொள்ளவில்லை. டாக்மார் அரங்கில் நடித்தார். நாடகக் குழுக்களோடு நார்வேயிலும் ஸ்வீடனிலும் ஊர் ஊராகப் போனார். பிறகு கோபன்ஹேகனின் புதிய நாடக அரங்கு ஒன்றில் சேர்ந்தார். ஏறத்தாழ எட்டு வருடம். வேலைக்குக் குறைவில்லை, ஆனால் பேர் சொல்லும்படி ஒரு வேடம் அமையவில்லை. ஆழமான, ஒரே சீராக வராத குரல் அவரை மேடையில் பின்னுக்கு இழுத்தது என்று டேனிஷ் நாடக வரலாற்றாசிரியர் ஒருவர் எழுதியிருக்கிறார். தோற்றமும் அந்தக் காலத்து நாயகிக்கான தோற்றம் இல்லை. ஒல்லியான உடம்பு, மெல்லிய உதடு, முகத்தில் பாதியை எடுத்துக்கொள்ளும் பெரிய கறுத்த கண்கள்.

அதே அரங்கில் வேலை பார்த்த உர்பான் காத் என்பவரும் அவரும் சேர்ந்து ஒரு படம் எடுத்தார்கள். பெயர் ‘அவ்குருண்டன்’, அதாவது படுகுழி. எதற்காக எடுத்தார்கள் தெரியுமா? திரையில் பேர் வாங்க அல்ல. இவருக்கு என்ன வரும் என்று நாடக அரங்கின் முதலாளிகளுக்குக் காட்டி, நல்ல வேடம் வாங்கத்தான். கோபன்ஹேகனில் கொஸ்மோராமா என்ற படக்கொட்டகை வைத்திருந்தவர் பணம் போட்டார். 1910 செப்டம்பரில் அங்கேயே படம் வெளியானது. ஓடும் நேரம் நாற்பது நிமிடத்துக்கும் குறைவு.

கதை எளிமையானது. பியானோ சொல்லிக்கொடுக்கும் ஒரு பெண், டிராமில் சந்தித்த பாதிரியார் மகனுக்கு நிச்சயமாகிறாள். பிறகு சர்க்கஸ்காரன் ஒருவனோடு ஓடிப்போகிறாள், சீரழிகிறாள், கடைசியில் அவனைக் குத்திக் கொன்றுவிடுகிறாள். படத்தைப் பற்றிப் பேசுகிறவர்கள் எல்லோரும் நடனத்தைத்தான் சொல்வார்கள். கறுப்பு உடையில் அவர் அந்த ஆளைக் கயிற்றால் கட்டிப்போட்டுவிட்டு, உடம்பை உரசியபடி அவனைச் சுற்றிச் சுற்றி ஆடுவார். 1910இல் அதைப் பார்த்தவர்களுக்கு மூச்சு நின்றிருக்கும். ஆனால் எனக்கு நடனத்தைவிடப் பெரியது கடைசிக் காட்சி. கொலை முடிந்து காவலர்கள் அழைத்துப் போகிறார்கள். மேடைப் பழக்கத்தில் ஊறிய எந்த நடிகையும் அங்கே கதறியிருப்பார், மார்பில் அடித்துக்கொண்டிருப்பார், தலைமுடியைப் பிய்த்துக்கொண்டிருப்பார். ஆஸ்டா வெறுமனே நடந்து வருகிறார். முகத்தில் ஒன்றும் இல்லை. உயிரை யாரோ உள்ளிருந்து உருவி எடுத்துக்கொண்ட மாதிரி, கால் மட்டும் பழக்கத்தில் போகிறது. முகத்தருகே கேமரா போகும் வழக்கமெல்லாம் இன்னும் ஊன்றாத காலம் அது. முழு உருவத்தையும் காட்டும் தூரத்தில் நின்றுகொண்டுதான் இதைச் செய்கிறார். அந்தத் தூரத்தைத் தாண்டி அந்த வெறுமை நம்மிடம் வந்து சேர்கிறது. படம் முடிந்த பிறகும் நான் நாற்காலியை விட்டு எழவில்லை.

மேடையில் பாத்திரத்தின் மனநிலையை மெல்ல மெல்ல ஏற்றிக்கொண்டு போகலாம், படப்பிடிப்பில் அதற்கு இடமில்லை, அதனால் நடிப்பவர் தன்னைத்தானே அந்த நிலைக்குள் தள்ளிக்கொள்ள வேண்டும் என்ற கருத்தில் தன் நினைவுக் குறிப்புகளில் பின்னாளில் எழுதினார். எட்டு வருடம் மேடையில் நின்றவர் சொல்வது இது. மேடை தெரியாதவருக்கு இந்த வேறுபாடு கண்ணில் படாது. அதனால்தான் மேடையில் அவர் தோற்றார் என்று முடிப்பதை நான் ஏற்பதில்லை.

நாடக முதலாளிகளுக்காக எடுத்த படம் அவரை ஜெர்மனிக்குக் கொண்டுபோய்விட்டது. 1911இல் பெர்லின். உர்பான் காத் அவரை மணந்துகொண்டார். பிரியும் முன் இருவரும் சேர்ந்து முப்பதுக்கும் மேற்பட்ட படங்கள் எடுத்தார்கள். ஆஸ்டா நடித்தவை மொத்தம் எழுபதுக்கும் மேல். அதில் சொந்த நாட்டில் எடுத்தவை நான்கே நான்கு. ‘படுகுழி’யில் சர்க்கஸ்காரனாக வந்த பவுல் ரோய்மெர்ட் பின்னாளில் அரச நாடக அரங்கின் தூணாக ஆனார். இவருக்கு அந்த வாசல் திறக்கவேயில்லை.

சொந்தமாகப் படக்கம்பெனி வைத்து ‘ஹாம்லெட்’ எடுத்தார்; 1921இல் வெளியானது. ஹாம்லெட் ஆண் வேடத்தில் வளர்ந்த பெண் என்பது அந்தப் படத்தின் கதை. போரில் அரசன் இறக்கப்போகிறான் என்று செய்தி வர, சிம்மாசனம் கைவிட்டுப் போகாமலிருக்கப் பிறந்த பெண் குழந்தையை ஆண் என்று ராணி அறிவித்துவிடுகிறாள். அரசன் பிழைத்துத் திரும்புகிறான், சொன்ன பொய்யைத் திரும்பப் பெற முடியவில்லை. அந்தப் பொய்யைச் சுமந்துகொண்டு, தோழன் ஹொரேஷியோவைக் காதலித்துக்கொண்டு, வாய் திறக்க முடியாமல் நிற்கும் இளவரசனாக ஆஸ்டா. கறுப்பு உடையில், கைகால்களைப் பரப்பாமல், கண்ணால் மட்டும் அரண்மனையை அளந்துகொண்டிருப்பார்.

பேலா பலாஜ் என்ற ஹங்கேரிய எழுத்தாளர் சினிமாவைப் பற்றி எழுதியவர்களில் முன்னோடி. ஆஸ்டாவின் ஒரு காட்சியை அவர் விவரித்திருக்கிறார். பணக்கார இளைஞன் ஒருவனை மயக்க ஒரு பெண்ணைக் கூலிக்கு அமர்த்துகிறார்கள். அமர்த்தியவன் திரைச்சீலைக்குப் பின்னால் நின்று பார்க்கிறான். அவள் காதலிப்பதாக நடிக்கிறாள். நடித்துக்கொண்டிருக்கும்போதே உண்மையாகவே காதல் வந்துவிடுகிறது. உடனே, திரைக்குப் பின்னால் இருப்பவன் ஞாபகம் வருகிறது. அவனுக்குத் தெரியக்கூடாது. ஆகவே இப்போது நடிப்பதாக நடிக்கிறாள். இத்தனையும் ஒரே முகத்தில், பேச்சில்லாமல். இளையவர்களுக்கு நடிப்புப் பயிற்சி கொடுக்கும்போது நான் இந்தக் காட்சியைச் சொல்லிவிட்டுத்தான் ஆரம்பிப்பேன்.

இனி ‘மகிழ்ச்சியில்லாத தெரு’. முதல் உலகப் போர் முடிந்த வியன்னா. பணத்துக்கு மதிப்பில்லை, இறைச்சிக் கடை முன்னால் இரவெல்லாம் பெண்கள் வரிசையில் நிற்கிறார்கள். அந்தத் தெருவிலிருந்து இரண்டு பெண்களின் கதை பிரிகிறது. கார்போவின் பாத்திரம் விளிம்புவரை போய்க் காப்பாற்றப்படுகிறது. ஆஸ்டாவின் மரியா தப்பவில்லை. காதலனுக்காக விலைபோய், பொறாமையில் ஒரு கொலையும் செய்துவிடுகிறாள். பல நாட்டுத் தணிக்கைக்காரர்கள் இந்தப் படத்தில் கத்தரி வைத்தார்கள். வெளிநாடுகளுக்குப் போன சில பிரதிகளில் மரியாவின் கதையை அடியோடு வெட்டிவிட்டு, கார்போவின் கதையை மட்டும் ஓட்டினார்கள். நான் முன்பு சொன்ன காரணம் இதுதான். நாயகி படத்திலிருந்தே காணாமல் போனார். பிறகு மியூனிக் திரைப்பட அருங்காட்சியகம் சிதறிக் கிடந்த பிரதிகளிலிருந்து துண்டுகளைச் சேர்த்துப் படத்தை மீட்டது. கட்டுரையாளர் பார்த்தது எந்தப் பிரதியோ, எனக்குத் தெரியாது. குறைத்த பிரதியாக இருந்தால் தவறு அவருடையது அல்ல.

பேசும் படம் வந்த பிறகு அவர் நடித்தது ஒன்றே ஒன்று, 1932இல். மறுவருடம் ஹிட்லர் ஆட்சிக்கு வந்தார். தங்கள் பக்கம் வந்தால் தனிப் படக்கம்பெனியே தருவதாக நாஜிகள் ஆசை காட்டினார்கள். அவர் மறுத்துவிட்டு டென்மார்க்குக்குத் திரும்பினார். போர்க்காலத்தில், ஜெர்மனியில் இருந்த ஓர் இளம் டேனிஷ்காரர் வழியாக யூதர்களுக்குப் பணம் கொடுத்து உதவினார். அதை அவர் தம்பட்டம் அடித்துக்கொண்டதில்லை. ஊரில் படவாய்ப்பு வரவில்லை. இரண்டு பாகமாக நினைவுக் குறிப்புகள் எழுதினார். துணித்துண்டுகளை ஒட்டிப் படங்கள் செய்தார். 1964இல் மகளும் இறந்துபோனார். 1968இல், 87ஆவது வயதை நெருங்கும்போது, தன்னைப் பற்றி ஒரு குறும்படத்தைத் தானே இயக்கினார். 88 வயதில் மறுமணம் செய்துகொண்டார். 1972 மே மாதம், தொண்ணூறு வயதில் காலமானார்.

‘படுகுழி’யை டேனிஷ் திரைப்படக் கழகம் இணையத்தில் இலவசமாகவே போட்டிருக்கிறது. வாசகர்கள் ஒரு மாலை நேரம் ஒதுக்கினால் போதும். ஆசிரியர் அவர்களுக்கு என் வேண்டுகோள் ஒன்றுதான். தனிக் கட்டுரை போட இடமில்லை என்றாலும் பரவாயில்லை. அடுத்த இதழில் திருத்தமாக இரண்டு வரி வரட்டும்: அந்த நடிகையின் பெயர் ஆஸ்டா நீல்சன், படத்தின் நாயகி அவர்தான்.

அன்புடன்,
நெடுநாள் வாசகன்,
தஞ்சாவூர்.