மலைக்கு வழிகாட்டி மலைக்காரராகவே இருக்கட்டும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். ஜவ்வாது மலையில் கோடை விழாவோடு நின்றுவிடாமல் ஆண்டு முழுக்கச் சுற்றுலா நடக்க வேண்டும், அதற்குப் பெரிய விடுதிகளும் ரோப் காரும் கண்ணாடிப் பாலமும் வர வேண்டும் என்று திருப்பத்தூர் வாசகர் ஒருவர் உங்கள் நாளிதழில் எழுதியிருந்தார். மலைக்கு நாலு பேர் வரட்டும் என்பதில் எனக்கும் சந்தோஷம்தான். ஆனால் வருகிறவர்கள் செலவழிக்கும் காசு யார் கையில் தங்கும் என்ற பேச்சே அந்தக் கடிதத்தில் இல்லை. அதைப் பற்றித்தான் எழுதுகிறேன். கொஞ்சம் நீளமாகிவிட்டால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

நான் குடியாத்தத்தில் ஒரு நெசவாளர் கூட்டுறவு சங்கத்தில் கணக்கு எழுதி ஓய்வு பெற்றவன். மனைவி தறிக்குடும்பத்துப் பெண். சின்ன வயதிலிருந்து ராட்டையில் தார் சுற்றியவர். சென்ற ஐப்பசியில் மகன் எங்கள் இருவரையும் ஒரு குழுச் சுற்றுலாவில் சேர்த்து வியட்நாமுக்கு அனுப்பிவைத்தான். ஹனோயில் எல்லாரும் பார்ப்பதைப் பார்த்துவிட்டு, நாட்டின் வடகோடியில் சீன எல்லையை ஒட்டியிருக்கும் ஹா ஜாங் மலைகளுக்குப் போனோம். ஊர் ஊராகத் தங்கிப் போகிற பயணம் அது. எனக்குச் சொல்ல இருப்பதெல்லாம் அங்கே பார்த்ததிலிருந்து வந்தது.

ஹனோயிலிருந்து ஹா ஜாங் ஊருக்கே ஏறக்குறைய 300 கிலோமீட்டர். அதற்கப்புறம்தான் மலை தொடங்குகிறது. டோங் வான் பீடபூமி முழுக்கச் சுண்ணாம்புப் பாறை; 2010-இல் உலகப் புவிப்பூங்காக்களில் ஒன்றாக அதைச் சேர்த்திருக்கிறார்கள். மண் என்று பார்த்தால் பாறைக்கும் பாறைக்கும் நடுவில் கையகலம்தான். அந்தக் கையகல மண்ணில் ஹ்மாங் என்ற மலைவாழ் இனத்து மக்கள் மக்காச்சோளம் போடுகிறார்கள். ஏர் ஓட்ட இடம் இல்லாத சரிவில் குழி குழியாக விதைத்து, விளைந்த கதிரைக் கட்டுக் கட்டாக வீட்டு உத்தரத்தில் தொங்கவிட்டிருக்கிறார்கள். அந்த மாவை ஆவியில் வேகவைத்துக் கொடுத்தார்கள், நம் புட்டு மாதிரியே உதிரியாக இருந்தது.

மா பி லெங் கணவாய் வழியாகப் போகும் சாலை 1959-இல் தொடங்கி 1965-இல் முடித்தது. சுமார் 185 கிலோமீட்டர். பல இனத்து இளைஞர்கள் சேர்ந்து பெரும்பாலும் கைவேலையாகவே மலையைக் குடைந்து போட்டது. கணவாயின் செங்குத்துப் பாறையில் மட்டும் இடுப்பில் கயிறு கட்டித் தொங்கிக்கொண்டு 11 மாதம் வேலை செய்திருக்கிறார்கள். இதையெல்லாம் எங்களுக்குச் சொன்ன வழிகாட்டி அந்தப் பக்கத்து ஹ்மாங் இனத்துப் பெண். இருபத்திரண்டு, இருபத்துமூன்று வயது இருக்கும். எந்த வீட்டுக்குள் போகலாம், எந்த வீட்டில் இன்றைக்குப் போகக்கூடாது, யாரைப் படம் எடுக்கக் கேட்கலாம் என்பதெல்லாம் அந்தப் பெண்ணுக்குத் தெரிந்திருந்தது. ஹனோயிலிருந்து எங்களோடு வந்த ஆளுக்கு அது தெரியாது, தெரிந்திருக்கவும் முடியாது.

லுங் டாம் என்ற ஊரில் பெண்கள் நடத்தும் நெசவுக் கூட்டுறவு ஒன்று இருக்கிறது. அங்கே போனதும் என் மனைவி குழுவை விட்டுப் பிரிந்து உட்கார்ந்துவிட்டார். கஞ்சா இனத்தைச் சேர்ந்த, நாருக்கென்றே வளர்க்கும் செடி ஒன்று. அதன் தண்டை உரித்து நார் எடுக்கிறார்கள். ஒரு நாரின் நுனியை இரண்டாகப் பிளந்து, அடுத்த நாரை அதில் வைத்து, கட்டைவிரலால் ஒரு முறுக்கு. அவ்வளவுதான், முடிச்சே கிடையாது. சந்தைக்கு நடந்து போகும்போதுகூடக் கை அந்த வேலையைச் செய்துகொண்டே இருக்கிறது. பிறகு நூலைச் சாம்பல் நீரில் வேகவைத்து வெளுக்கிறார்கள். நெய்து முடித்த துணியை ஓர் உருளைக் கட்டையில் வைத்து, மேலே பலகைக்கல்லைப் போட்டு, ஒரு பெண் கல்லின் இரு முனையிலும் கால் வைத்து நின்று இப்படியும் அப்படியும் ஆடுகிறார். கீழே துணி நசுங்கி நசுங்கிப் பளபளப்பு ஏறுகிறது. அதில் தேன்மெழுகால் கோலம் எழுதி அவுரிச் சாயத்தில் முக்குகிறார்கள். மெழுகு போட்ட இடம் வெள்ளையாக நிற்கிறது. அவுரி ஒரு காலத்தில் நம் ஆற்காட்டுப் பக்கமும் பயிரானதுதான்.

நார் இணைத்துக்கொண்டிருந்த வயதான அம்மா ஒருவர் இரண்டு இழையை என் மனைவி கையில் கொடுத்தார். இரண்டு தரம் நழுவியது, மூன்றாம் தரம் நின்றது. அந்த அம்மா இழையை இழுத்துப் பார்த்துவிட்டு அதைத் தன் கண்டோடு சேர்த்துக்கொண்டார். ஒருவருக்கு ஒருவர் பாஷை தெரியாது. ஆனாலும் பாவு, ஊடை, அச்சு, மிதி என்று ஒவ்வொன்றாகத் தொட்டுக் காட்டிக்கொண்டே இருவரும் ரொம்ப நேரம் இருந்தார்கள்.

நான் கணக்குக்காரன். அதனால் வழிகாட்டியிடம் என் கேள்விகளைக் கேட்டேன். விலையை யார் வைக்கிறார்கள்? சங்கம். நூல் யார் வாங்கித் தருகிறார்கள்? அவரவர் வீட்டில் விளைந்தது, போதாததைச் சங்கம் வாங்குகிறது. நாங்கள் வண்டியோடு வந்ததற்கு ஊருக்கு என்ன கிடைக்கும்? இரவு தங்கும் வீட்டுக்குத் தங்கும் காசு, சமைத்தவருக்குச் சாப்பாட்டுக் காசு, தனக்கு நாள் சம்பளம் என்று விரல் மடக்கிச் சொன்னார். அன்று இரவு நாங்கள் தங்கியது டாய் இனத்தவர் வீடு. மரத்தூண் மேல் எழுப்பியது. மாடியில் வரிசையாக மெத்தை, கொசுவலை. பன்றி இறைச்சி வேண்டாம் என்றதும் முட்டையும் கீரையும் தனியாகச் சமைத்துக் கொடுத்தார்கள். மறுநாள் காலை வீட்டுக்காரர் தன் நோட்டுப் புத்தகத்தில் எங்கள் பெயர்களைக் கேட்டு எழுதிக்கொண்டார்.

அங்கேயும் எல்லாம் நன்றாக இருக்கிறது என்று சொல்ல மாட்டேன். கொண்டை ஊசி வளைவுகள் தெரிகிற ஒரு மேட்டில் ஐந்தாறு வயதுக் குழந்தைகள் முதுகில் பூக்கூடை கட்டிக்கொண்டு படம் எடுக்கிறவர்களுக்காக நின்றார்கள். காசு கொடுக்காதீர்கள், கொடுத்தால் நாளைக்கும் பள்ளிக்கூடம் போக மாட்டார்கள் என்று வழிகாட்டி கெஞ்சாத குறையாகச் சொன்னார். எங்கள் குழுவிலேயே சிலர் கேட்கவில்லை. இன்னொரு ஊரில் ஒருவர் கைப்பேசியை நீட்டிக்கொண்டு அனுமதி கேட்காமல் ஒரு வீட்டு அடுக்களைக்குள் போய்விட்டார். அடுப்பருகே இருந்த பாட்டி முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டார். எங்களை அழைத்துப்போன நிறுவனத்தின் ஆள் பார்த்துக்கொண்டே நின்றார், ஒரு வார்த்தை சொல்லவில்லை. ஊர்ப்பெண்தான் போய் அந்தப் பயணியைக் கையைப் பிடித்து வெளியே கூட்டிவந்தார். எனக்கு அன்று முழுக்க மனசு ஆறவில்லை.

இப்போது நம் மலைக்கு வருகிறேன். ஒடுகத்தூர் வெள்ளிக்கிழமைச் சந்தையை எனக்குப் பல வருடமாகத் தெரியும். மேலேயிருந்து புளி, தேன், சாமை, கடுக்காய் கொண்டுவருகிற மலையாளி பழங்குடி மக்கள் வெளிச்சம் வருவதற்கு முன்பே வந்து காத்திருப்பார்கள். விலையை வாங்குகிறவர்தான் சொல்வார். சாயங்காலத்துக்குள் மலை ஏற வேண்டும் என்ற அவசரத்தில் சொன்ன விலைக்குக் கொடுத்துவிட்டுப் போவார்கள். நெசவாளர் சங்கத்தில் இருந்தவனுக்கு இது புதிதில்லை. நூலும் கொடுத்து விலையும் வைக்கிற முதலாளியிடம் எங்கள் ஊர்த் தறிக்காரர்கள் பட்டதுதான் இதுவும்.

சுற்றுலாவிலும் இதே கதைதான் நடக்கப்போகிறது என்று பயப்படுகிறேன். இப்போதே பாருங்கள். வேன் பிடித்து வருகிறார்கள், பீமன் அருவி, கோமுட்டேரியில் படகு, கீழேயிருந்து கட்டிக்கொண்டு வந்த பிரியாணி, அப்புறம் இறக்கம். காலி பாட்டில்களும் தெர்மாகோல் தட்டுகளும் மட்டும் மலையில் தங்குகின்றன. இதில் வெளியூர் முதலாளியின் விடுதியும் சேர்ந்தால், மலைப்பிள்ளைகளுக்கு அதில் வாட்ச்மேன் வேலையும் பாத்திரம் கழுவும் வேலையும்தான் மிஞ்சும்.

வேறு வேலை இல்லாமல்தானே அந்த இளைஞர்கள் கேரளத் தோட்டங்களுக்கும் திருப்பூருக்கும் போகிறார்கள்? மரம் வெட்டக் கூட்டிப்போகும் தரகர்களிடம் சிக்கியவர்களும் உண்டு. 2015 ஏப்ரல் 7-ஆம் தேதி ஆந்திரத்தின் சேஷாசலம் காட்டில் சுட்டுக் கொல்லப்பட்ட 20 பேரில் ஜவ்வாது மலைக்காரர்களும் இருந்தார்கள். காட்டை அங்குலம் அங்குலமாகத் தெரிந்தவர்கள் அவர்கள். எந்த மரத்தில் எப்போது தேன் கட்டும், எந்தப் பாதை மழையில் வழுக்கும், கீழ்ச்சேப்பிளியில் இருக்கும் கல்திட்டைகளுக்கு எப்படிப் போவது என்று அவர்களைவிட நன்றாக யார் சொல்லப் போகிறார்கள்? அந்த அறிவுக்கு நாள் சம்பளம் கொடுக்கிற வேலைதான் வழிகாட்டி வேலை.

இதற்காகப் புதிதாக எந்த அமைப்பும் தொடங்க வேண்டாம். மலைவாழ் மக்கள் பெரும்பல நோக்குக் கூட்டுறவு சங்கங்கள் ஏற்கெனவே இருக்கின்றன. வரும் பயணிகளின் பதிவு அவற்றின் மூலம் நடக்கட்டும். ஊருக்கு ஐந்தாறு வீடு மனமிருந்தால் ஓர் அறையும் ஒரு கழிப்பறையும் ஒதுக்கட்டும். அதற்குக் கடன் சங்கமே கொடுக்கலாம். ஒரு நாள் பீஞ்சமந்தை, ஒரு நாள் புதூர்நாடு, ஒரு நாள் ஜமுனாமரத்தூர் என்று தங்கி, சாமைச் சோறும் கேழ்வரகுக் களியும் சாப்பிட்டு, ஊர்ப்பிள்ளையோடு காட்டுப்பாதையில் நடந்து போகிற பயணம். ஒரு தடவைக்குப் பத்துப் பன்னிரண்டு பேருக்கு மேல் வேண்டாம். வேண்டாம் என்று ஊர் சொன்னால் அந்த ஊருக்குப் பயணமே வேண்டாம். 2006-ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டம் கிராம சபைக்குக் கொடுத்திருக்கிற அதிகாரத்தை ஒரு சுற்றுலாத் திட்டம் தாண்டிப் போகக்கூடாது.

மலை மக்களின் திருவிழாவை நமக்காக மேடையில் ஆடச் சொல்வதும் எனக்குப் பிடிக்கவில்லை. எங்கள் குடியாத்தத்தில் கெங்கையம்மன் சிரசுத் திருவிழாவுக்கு எத்தனை ஆயிரம் பேர் வெளியூரிலிருந்து வருகிறார்கள்! வைகாசி ஒன்றாம் தேதி அன்று வருகிறவர் கும்பிடலாம், பார்க்கலாம். சுற்றுலாக்காரருக்கு வசதியாக இன்னொரு நாள் நடத்துங்கள் என்று யாராவது சொன்னால் நாங்கள் ஒத்துக்கொள்வோமா?

இரவு வெளிச்சத்தைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். காவலூர் வைனு பாப்பு வானாய்வகத்தை அந்த மலையில் அமைத்ததற்கு அங்குள்ள இருட்டும் ஒரு காரணம். 1986-இல் திறந்த 2.34 மீட்டர் தொலைநோக்கி இன்னும் அங்கேதான் இருக்கிறது. சுற்றிலும் விடுதிகள் எழுந்து இரவெல்லாம் ஃபோகஸ் விளக்கு எரிந்தால் அதற்கு வானம் எப்படித் தெரியும்? ஊர்வீட்டில் தங்குகிறவருக்கு ஒரு திண்ணை விளக்கு போதும். மேலே பார்த்தால் வேலூரில் ஒருநாளும் தெரியாத நட்சத்திரங்கள் தெரியும்.

எல்லாவற்றுக்கும் முன்னால் சாலையும் மருத்துவமும். 2023 மே மாதம் அல்லேரி மலையில் பாம்பு கடித்து இறந்த ஒன்றரை வயதுக் குழந்தையை யாரும் மறந்திருக்க மாட்டோம். ஊர்வரை வண்டி போக வழி இல்லாமல், உடலைத் தாய் கையில் சுமந்து மலையேறினார். நோயாளியை டோலி கட்டித் தூக்கிவரும் ஊர்கள் இருக்கும்போது கண்ணாடிப் பாலத்துக்கு ஒரு ரூபாய் ஒதுக்கினாலும் அது தவறு. ஆம்புலன்ஸ் போகிற சாலை முதலில் வரட்டும், அதே சாலையில் பயணிகளும் போகட்டும்.

மலை வேலூர், திருப்பத்தூர், திருவண்ணாமலை என மூன்று மாவட்டங்களில் கிடக்கிறது. பழைய வடஆற்காடாக இருந்திருந்தால் ஓர் ஆட்சியர் போதும். இப்போது மூன்று ஆட்சியர்களும் வனத்துறையும் ஒரே மேசையில் உட்கார வேண்டும், அந்த மேசையில் ஊர்ப் பெரியவர்களுக்கும் பெண்களுக்கும் நாற்காலி போட வேண்டும். அடுத்த கோடை விழாவுக்கான ஆலோசனைக் கூட்டத்திலேயே இதை எடுக்கும்படி உங்கள் நாளிதழ் வலியுறுத்தினால் நன்றாக இருக்கும்.

மலைச் சங்கம் எதுவானாலும் இப்படி ஒரு முயற்சியைத் தொடங்கினால், பயணிகள் பதிவேடு, வீட்டுவாரிக் கணக்கு, ரசீது புத்தகம் எல்லாம் போட்டுக்கொடுத்து, அங்குள்ள பிள்ளைகளுக்கு எழுதவும் கற்றுத்தர நான் சம்பளம் வாங்காமல் வரத் தயார். மனைவியும் கூட வருவதாகச் சொல்கிறார். என் முகவரி தனித்தாளில் இருக்கிறது. சங்கத்தார் கேட்டால் தயங்காமல் கொடுங்கள்.

இப்படிக்கு,
கூட்டுறவு சங்க ஓய்வுபெற்ற கணக்கர்,
குடியாத்தம், வேலூர் மாவட்டம்.