கரெட்டுக்கு ஓர் அறை கொடுங்கள்

லிஸ்பனில் பழைய வீடுகளின் தலையெழுத்தை எழுதும் அதிகாரிகளுக்கு வணக்கம்.

சரைவா தெ கார்வாலியோ தெருவில், நம் நாடகாசிரியர் அல்மெய்தா கரெட் கடைசியாக வாழ்ந்த வீட்டுக்கு நடந்ததை உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. கோப்பு உங்களிடம்தான் இருக்கிறது. போன சனிக்கிழமைக் கதையை மட்டும் சொல்கிறேன்.

என் மகள் பதினோராம் வகுப்பு. அல்மெய்தா கரெட் 1843-இல் எழுதிய ‘ஃப்ரெய் லூயிஸ் தெ சோசா’ நாடகம் அவளுக்குப் பாடம். முதல் அங்கம் முடியும்போது மனுவேல் தெ சோசா தன் வீட்டுக்குத் தானே தீ வைக்கிறான். ஸ்பெயின் அரசருக்கு அடங்கிய ஆளுநர்கள் அங்கே வந்து தங்கிவிடக் கூடாது என்ற வீம்பு. அதைப் படித்த கையோடு, “இதை எழுதினவர் வீடு எங்கே இருக்குப்பா?” என்று கேட்டாள். இதே ஊரில்தான், 1854 டிசம்பர் 9 அன்று அந்த வீட்டில்தான் இறந்தார் என்றேன். உடனே பார்க்கணும் என்றாள்.

2006-இல் அதை இடித்துவிட்டார்கள் என்பது எனக்குத் தெரியும். இடத்தையாவது காட்டலாமே என்று கூட்டிப்போனேன். அங்கே நின்று “இங்கேதான் இருந்தது” என்று கையை நீட்டினேன். படம் எடுக்கத் தயாராக வைத்திருந்த போனை அவள் மெதுவாகப் பைக்குள் போட்டுக்கொண்டாள். “நாடகத்துல எரிக்க ஒரு காரணமாவது இருந்துச்சு” என்றாள். நான் என்ன பதில் சொல்வது? நீங்களே சொல்லுங்கள்.

அதே காம்போ தெ ஓரிக் வட்டாரத்தில் கோயல்யோ த ரோஷா தெருவில், கவிஞர் பெசோவா கடைசி 15 ஆண்டுகள் வாழ்ந்த வீட்டை 1993 முதல் அழகாக வைத்திருக்கிறீர்கள். மனதாரப் பாராட்டுகிறேன். அந்த அக்கறையில் கால்பங்கு, ஒரே ஓர் அறை, கரெட்டுக்கும் கொடுங்கள் என்றுதான் கேட்கிறேன்.

அவர் ஒன்றும் சாதாரண ஆள் இல்லை. எதேச்சாதிகாரத்துக்குத் தப்பி இரண்டு முறை நாடு கடந்து வாழ்ந்தவர். 1832-இல் விடுதலைப் படையோடு கரையிறங்கியவர். 1836-இல் நாடகத்தைச் சீர்படுத்தும் பொறுப்பு வந்தபோது நடிகர்களுக்குப் பயிற்சிக்கூடம் அமைத்தார். நடிக்க நல்ல நாடகம் இல்லை என்றதும் தானே உட்கார்ந்து எழுதினார். ரோசியோ சதுக்கத்தில், மதவிசாரணை (இன்குவிசிஷன்) மாளிகை இருந்த இடத்தில், 1846-இல் தேசிய அரங்கு திறந்ததற்குப் பின்னால் அவர் உழைப்பு இருக்கிறது. அரங்கத்துக்கு ராணி பெயர், கூரை உச்சியில் பழைய நாடகாசிரியர் கில் விசென்தே சிலை. சரி, உள்ளே பெரிய கூடத்துக்கு இவர் பெயர் உண்டு, மறுக்கவில்லை. சியாதோ கடைவீதிப் பகுதியில் இவர் பெயரில் தெருவும் உண்டு. அங்கே பை வாங்க வருபவர்களில் எத்தனை பேர் அந்தப் பெயர்ப்பலகையை நிமிர்ந்து பார்த்திருப்பார்கள்?

எலும்புகளையும் நன்றாகவே கவனித்தீர்கள். பிரசெரெஸ் கல்லறையிலிருந்து 1903-இல் ஜெரோனிமோஸ் மடம், 1966-இல் தேசிய நினைவாலயம். செத்தவருக்கு மூன்று முகவரி. வாழ்ந்த வீட்டுக்குத்தான் ஒன்றும் இல்லை.

இதில் வேடிக்கை, இந்தப் புகாரை அவரே எழுதிவிட்டார். 1843-இல் சாந்தரேம் நகருக்குப் போனவர் அங்கே சிதைந்துகிடந்த மடங்களையும் உடைக்கப்பட்ட அரச கல்லறையையும் பார்த்து மனம் வெந்து எழுதியது 1846-இல் புத்தகமாக வந்தது. ஒரு பணக்காரர் உருவாக எத்தனை பேர் வறுமையில் விழ வேண்டும் என்று கணக்குக் கேட்டதும் அதே புத்தகத்தில்தான். இன்று லிஸ்பனில் வாடகை கொடுத்து வாழ்கிற யாரையாவது கேளுங்கள், விடை சொல்வார்கள். கல் பாவிய தெருவில் சக்கரப்பெட்டி உருளும் சத்தத்தில்தான் எங்களுக்குப் பொழுது விடிகிறது. பழைய வீடு என்றாலே பயணிகளுக்கு விடத் தோதான அறைகள் என்று… மன்னியுங்கள், எங்கோ போய்விட்டேன். கோபப்படக் கூடாது என்று நினைத்துத்தான் எழுத ஆரம்பித்தேன்.

இடித்ததைத் திரும்பக் கட்டச் சொல்லவில்லை. காம்போ தெ ஓரிக்கில் உங்கள் வசம் இருக்கும் ஏதாவது ஒரு கட்டடத்தில் ஓர் அறை. நாடகப் பிரதிகள் சில, அந்த வீட்டின் பழைய புகைப்படம், பிள்ளைகள் உட்கார்ந்து வாசிக்க ஒரு மேசை. அவ்வளவுதான், ஓர் அறை. தயவுசெய்து பரிசீலியுங்கள்.

திறப்பு விழாவுக்கு எங்களை அழைக்க வேண்டாம். சனிக்கிழமைகளில் எத்தனை மணிக்குத் திறப்பீர்கள் என்று சொன்னால் போதும்.

இப்படிக்கு,
ஒரு பதினோராம் வகுப்பு மாணவியின் அப்பா
லிஸ்பன்