பதிவு மாறினால் பொதுப்பணம் யாருக்கு? கூட்டுறவுச் சங்கப் பதிவாளருக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய பதிவாளர் அவர்களுக்கும் கலாசார, சமூக, இளையர்துறை அமைச்சுக்கும் வணக்கம்.

நான் ஒரு சிக்கன, கடன் கூட்டுறவுச் சங்கத்தில் சாதாரண உறுப்பினன். மாதாமாதம் சம்பளத்தில் பிடித்துக்கொள்வார்கள், வருடத்துக்கு ஒருமுறை ஈவு வரும், ஆண்டுப் பொதுக்கூட்டத்துக்குப் போனால் சாப்பாடு உண்டு. கையில் கொடுக்கும் கணக்கறிக்கையை பிரியாணி வரும்வரை விசிறியாக வைத்திருப்பவர்கள்தான் எங்களில் அதிகம். தீர்மானம் என்று சொன்னவுடன் கை தூக்கிவிடுவோம்.

சிங்கப்பூரின் என்டியுசி இன்கம் காப்புறுதி நிறுவனத்தை அலியான்ஸ் வாங்க வந்த விவகாரத்துக்குப் பிறகு எனக்கு அப்படிக் கை தூக்க மனம் வரவில்லை.

1970இல் தொழிலாளர்களுக்காகத் தொடங்கிய காப்புறுதிக் கூட்டுறவு அது. 2022இல் கூட்டுறவுப் பதிவை விட்டு நிறுவனமாக மாறியது. கூட்டுறவுச் சங்கச் சட்டத்தின் 88ஆம் பிரிவுப்படி, ஒரு சங்கம் கலைக்கப்படும்போது மிஞ்சும் பணம் உறுப்பினர்கள் பங்கு போட்டுக்கொள்வதற்கு அல்ல, கூட்டுறவு இயக்கத்துக்கான கணக்குக்குப் போக வேண்டும். ஆனால் இன்கமுக்கு அமைச்சு விலக்கு அளித்தது. ஏறக்குறைய 200 கோடி வெள்ளி (சிங்கப்பூர் டாலர்) புதிய நிறுவனத்துக்கே போய்ச் சேர்ந்தது. மூலதனம் வலுவாக இருக்க வேண்டும் என்பதுதான் அதற்குச் சொல்லப்பட்ட காரணம். சரி, ஒப்புக்கொள்ளலாம். 2024 ஜூலையில் ஜெர்மானியக் காப்புறுதி நிறுவனமான அலியான்ஸ், இன்கமின் பெரும்பான்மைப் பங்கை வாங்க, ஒரு பங்குக்கு 40.58 வெள்ளி தருவதாக வந்து நின்றது, கூட்டுறவாக இருந்த காலத்தில் அதே பங்கு 10 வெள்ளி. அந்தத் திட்டத்திலேயே, கைமாறிய மூன்று ஆண்டுக்குள் 185 கோடி வெள்ளியைப் பங்குதாரர்களுக்குத் திருப்பிக் கொடுக்கும் யோசனையும் இருந்தது! அக்டோபர் 14ஆம் தேதி உங்கள் அமைச்சின் அப்போதைய அமைச்சர் எட்வின் டோங் நாடாளுமன்றத்தில் எழுந்து, இது விலக்கு கொடுத்த நோக்கத்துக்கே முரணானது என்றார். அந்த வாரமே காப்புறுதிச் சட்டத்தையும் திருத்தினார்கள், டிசம்பரில் அலியான்ஸ் விலகிக்கொண்டது.

தடுத்தது நல்லதுதான், அதற்கு நன்றி. ஆனால் இப்படி ஒரு விலக்கு இருந்த விஷயமே எங்களில் பெரும்பாலோருக்கு அன்றைக்குத்தான் தெரிய வந்தது.

இதில் நான் ஏன் இவ்வளவு அலட்டிக்கொள்கிறேன் என்று கேட்கலாம். இங்கே முதல் கூட்டுறவுச் சங்கம் 1925இல் பதிவானது, அரசாங்க ஊழியர்களுடையது. அவசரத்துக்கு வட்டிக்காரர் வாசலில் போய் நிற்க வேண்டாம் என்றுதான் குமாஸ்தாக்களும் தபால்காரர்களும் இப்படிக் காசைச் சேர்த்து வைத்தார்கள். கூட்டுறவுச் சங்கத்துக்கு வருமான வரி கிடையாது. பதிலுக்கு உபரியில் முதல் 5 லட்சம் வெள்ளிக்கு 5 விழுக்காடு மத்திய கூட்டுறவு நிதிக்கும், அதற்கு மேலே உள்ளதில் 20 விழுக்காடு அந்த நிதிக்கோ சிங்கப்பூர்த் தொழிலாளர் அறநிறுவனத்துக்கோ போகிறது. அதாவது சங்கத்தில் தேங்கி நிற்கும் பணம் இன்று உறுப்பினராக இருக்கும் என்னுடையது மட்டும் இல்லை. இறந்துபோனவர்கள், ஓய்வு பெற்றுப் பங்கைத் திரும்ப வாங்கிக்கொண்டு போனவர்கள், வரி கேட்காமல் விட்ட நாடு, எல்லாருடைய பங்கும் அதில் இருக்கிறது. பதிவு மாறும் நாளில் கூட்டத்தில் உட்கார்ந்திருப்பவர்களுக்கு மட்டும் அது எப்படிச் சொந்தமாகும்? (எனக்கும் நாலு காசு வந்தால் கசக்காதுதான், அது வேறு கதை.)

அதனால் கேட்பது இதுதான். இனி எந்தச் சங்கமாவது பதிவை விட்டு வெளியேறவோ வேறொன்றோடு இணையவோ கேட்டால், 88ஆம் பிரிவிலிருந்து விலக்கு உண்டா, எவ்வளவு பணம், என்ன காரணம், என்ன நிபந்தனை என்பதை வாக்கெடுப்புக்கு முன்பே ஒரே பக்கத்தில் உறுப்பினர்களுக்குக் கொடுக்கச் செய்யுங்கள், நான்கு மொழிகளிலும். அந்த நிபந்தனை எத்தனை வருடம் செல்லும், மீறினால் பணம் எங்கே திரும்பும் என்றும் எழுதுங்கள். வெறும் நல்லெண்ணத்தில் கொடுத்தால், மூன்றாவது வருடம் வரும் புதிய இயக்குநர் குழுவுக்கு அது ஞாபகம் இருக்குமா?

அப்புறம், ஏற்கெனவே கொடுத்த விலக்குகள் வேறு ஏதாவது இருந்தால் அவற்றையும் உங்கள் இணையத்தளத்தில் போடுங்கள். அடுத்த பொதுக்கூட்டத்துக்கு நான் அதை அச்செடுத்துக்கொண்டு போகிறேன்.

இப்படிக்கு,
ஒரு சங்க உறுப்பினன்