மக்களே, குளத்தங்கரை வயலைப் பற்றி

அன்புள்ள மக்களே,

கர்த்தருடைய கிருபையால் நானும் அப்பாவும் சுகம். நீயும் மருமகளும் குட்டியும் சுகமாக இருக்க தினமும் ஜெபிக்கிறோம். அப்பாவுக்குச் சுகர் பரவாயில்லை. சபையில் அசன விருந்து முடிந்தது, உன் பேரில் அரிசிக்குப் பணம் கொடுத்துவிட்டோம். போன் பண்ணினால் ரெண்டு நிமிஷத்தில் டூட்டி இருக்கிறது என்று வைத்துவிடுகிறாய், அதனால்தான் எழுதுகிறேன். நேரம் கிடைக்கும்போது உட்கார்ந்து முழுசாகப் படி.

ஜங்ஷனில் ரியல் எஸ்டேட் போர்டு மாட்டியிருக்கிற ஆள் புது வருஷம் கழிந்ததும் வீட்டுக்கு வந்தான். குளத்தங்கரை வயல் சென்ட் என்ன விலை போகும் என்று தம்பி வாட்ஸ்அப்பில் கேட்டிருந்தார், நல்ல பார்ட்டி கையில் இருக்கிறது என்றான். அப்பா ஒன்றும் சொல்லவில்லை, துண்டை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டு வயலுக்குப் போய்விட்டார். நான் சாயா போட்டுக் கொடுத்து, யோசித்துச் சொல்கிறோம் என்று அனுப்பினேன். நீ விலை கேட்டது தப்பு என்று சொல்ல மாட்டேன், நாளைக்கு அது உனக்கும் அக்காவுக்கும்தான். ஆனால் அவனிடம் கேட்கும் முன்னால் எங்களிடம் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். அவன் வாய்வழியாக அப்பா தெரிந்துகொண்டதுதான் எனக்கு வருத்தம்.

அந்த வயல் பத்தின், அதுதான் சேர்ந்து கிடக்கிற வயல்வெளியின், நடுவில் கிடக்கிறது. கால்வாயிலிருந்து குளத்துக்கு, குளத்து மடையிலிருந்து மேல்வயலுக்கு, மேல்வயலிலிருந்து நமக்கு, நம்மிடமிருந்து கீழே உள்ளவர்களுக்கு என்று தண்ணீர் போகிறது. ப்ளாட் போடுகிறவர்கள் முதலில் வாங்கப் பார்ப்பது இந்த மாதிரி நடுத்துண்டைத்தான். லாரியில் மண் கொண்டுவந்து தட்டி ரோடு மட்டத்துக்கு உயர்த்திவிட்டால் மேலே உள்ளவனுக்குத் தண்ணீர் வடியாது, கீழே உள்ளவனுக்குத் தண்ணீர் வராது. ரெண்டு பூ, அதாவது ரெண்டு போகம், தரிசாகக் கிடந்தால் போதும், அவர்களே வந்து என் வயலையும் எடுத்துக்கொள் என்று சொல்லுவார்கள், அதுவும் முதல் ஆளுக்குக் கொடுத்த விலையில் பாதிக்கு. கோயிலுக்குப் பின்னால் இருந்த வயல் முழுக்க இப்படித்தான் போனது, நீ பிளஸ் டூ படிக்கும்போது கண்ணால் பார்த்தாய். விற்றவர்கள் யாரும் கெட்டவர்கள் இல்லை. ஒருவருக்கு மகள் கல்யாணம், ஒருவருக்கு ஆஸ்பத்திரிச் செலவு. அவசரத்துக்கு விற்றார்கள், அந்த அவசரம் ஆறு மாசத்தில் தீர்ந்துபோனது, வயல் போனது போனதுதான். அதனால்தான் சொல்கிறேன், எதுவானாலும் அவசரப்படாதே.

2016-ல் அங்கீகாரம் இல்லாத மனைகளைப் பத்திரம் பதியக் கூடாது என்று ஹைகோர்ட் நிறுத்தியபோது லாரிச் சத்தம் கொஞ்ச நாள் ஓய்ந்திருந்தது. அடுத்த வருஷமே வரன்முறைப்படுத்தும் திட்டம் வந்தது, மறுபடியும் தொடங்கிவிட்டார்கள். கேரளாவில் 2008-லேயே நெல்வயலைப் பாதுகாக்கத் தனிச் சட்டம் போட்டார்கள். எல்லையில் இருக்கிற களியக்காவிளைக்கு அந்தப் பக்கமும் இந்தப் பக்கமும் ஒரே மண், ஒரே மழை, ஒரு காலத்தில் ஒரே ராஜ்யம்.

பழைய காலம்தான் நல்லது என்று அம்மா புலம்புகிறாள் என்று நினைக்காதே. பழைய காலம் நமக்கு நல்லதாக இருந்ததே இல்லை. அப்பாவின் முப்பாட்டன் பனையேறி. நம்ம பெண்கள் தோளில் சீலை போட்டதற்கு அடி வாங்கினார்கள். 1859-ல் திருவிதாங்கூர் மகாராஜா ஒருவழியாக அறிக்கை போட்டார், அதிலும் மேல்சாதிப் பெண்கள் போடுகிற மாதிரி போடக் கூடாது என்று ஒரு நிபந்தனை வைத்தார். மயிலாடியில் ரிங்கல்தௌபே மிஷனரி 1809-ல் கிறிஸ்தவக் கோயில் கட்டிப் பள்ளிக்கூடமும் நடத்தியதால்தான் நம்ம ஆட்கள் கையில் புத்தகம் வந்தது. பேச்சிப்பாறை அணையை 1906-ல் கட்டி முடித்த பிறகு கடைமடைக்கும் கொஞ்சம் நம்பிக்கையாகத் தண்ணீர் வந்தது, ஆனால் விளைந்த நெல் வேறு யாருடைய களத்துக்கோ போனது. தாத்தா இதே வயலைப் பாட்டத்துக்குத்தான், அதாவது குத்தகைக்குத்தான், உழுதார். பாட்டம் அளந்து கொடுத்து, விதைக்கு எடுத்து வைத்து, மிச்சத்தில்தான் சாப்பாடு. கும்பப்பூ விளைச்சல் பொய்த்தால் மரச்சீனிக் கிழங்குதான். அவருடைய அண்ணன் மூணாறு எஸ்டேட்டில் அட்டைக்கடியும் குளிரும் தாங்கி அனுப்பின பணத்தில்தான் வயலைக் கிரயம் பண்ணினார். அந்தப் பத்திரத்தை அப்பா இன்னும் தகரப் பெட்டியில் வைத்திருக்கிறார், கறையான் அரிக்கக் கூடாது என்று வருஷா வருஷம் வெயிலில் காயவைக்கிறார், உனக்குத் தெரியாததா.

அந்த வயல்தான் உன்னை இஞ்சினியரிங் படிக்க வைத்தது. மேலத்துண்டை ஒத்திக்குக் கொடுத்துத்தான் பீஸ் கட்டினோம். நீ வளைகுடாவுக்குப் போய் முதலில் செய்த காரியம் அந்த ஒத்தியைத் திருப்பினது. கார் வாங்கவில்லை, வீட்டுக்கு மாடி எழுப்பவில்லை, ஒத்தியைத்தான் திருப்பினாய். அன்றைக்கு அப்பா ஊர் முழுக்கச் சொல்லிக்கொண்டு நடந்தார். இப்போதும் யாராவது உன்னைப் பற்றிக் கேட்டால் அதைத்தான் முதலில் சொல்கிறார். அப்படிப்பட்ட பிள்ளை இந்த வயலுக்கு விலை கேட்டால் சும்மா கேட்டிருக்க மாட்டான் என்று எனக்குத் தோன்றுகிறது. அதற்கு மேல் நான் ஒன்றும் நினைக்கவில்லை.

வயலில் என்ன வருமானம் என்று நீ கேட்பாய். சரிதான், பெரிய வருமானம் இல்லை. 2010-11-ல் சாதா ரக நெல்லுக்கு மத்திய அரசின் ஆதார விலை குவிண்டாலுக்கு 1000 ரூபாய், 2025-26-க்கு 2369. பதினைந்து வருஷத்தில் ரெண்டரை மடங்குகூட ஏறவில்லை, அதே பதினைந்து வருஷத்தில் சென்ட் விலை என்ன ஆனது என்று அந்த புரோக்கரையே கேள். நடுகைக்கு நம்ம ஊர்ப் பெண்கள் இப்போது வருவதில்லை, வங்காளத்துப் பையன்கள் வருகிறார்கள். அறுப்புக்கு எந்திரம், மணிக்கணக்கில் வாடகை. வைக்கோலையும் எந்திரமே உருட்டிக் கட்டிவிடுகிறது. நம்ம ஊர்ப் பெண்கள் வராமல் போனதில் எனக்கு வருத்தம் இல்லை. கொத்து என்று நெல்லாக அளந்து கூலி வாங்கின பெண்களின் பேத்திகளுக்கு நான் வகுப்பில் பாடம் நடத்தியிருக்கிறேன், இன்றைக்கு அவர்கள் நர்சு, டீச்சர், பேங்க் வேலை. 2011 கணக்கெடுப்பில் நம்ம கன்னியாகுமரி மாவட்டத்தில் நூற்றுக்கு 91 பேருக்கு மேல் எழுதப் படிக்கத் தெரிந்தவர்கள், தமிழ்நாட்டிலேயே முதல் இடம். அதே கணக்கெடுப்பு நூற்றுக்கு 82 பேர் நகரத்தில் இருப்பதாகச் சொல்கிறது. நம்ம ஊர் மாதிரி பேரூராட்சிகளையும் நகரம் என்று எண்ணுகிறார்கள். வயலுக்கு நடுவில் இருந்துகொண்டே நகரவாசிகள் ஆகிவிட்டோம், அதனால்தான் வயல் போவது யாருக்கும் உறைக்கவில்லை என்று நினைக்கிறேன். படித்த பிள்ளை திரும்பிவந்து தொளிச் சேற்றில் இறங்க வேண்டும் என்று நான் ஒருநாளும் சொல்ல மாட்டேன். இறங்க வேண்டாம் என்றுதானே படிக்க வைத்தோம். இறங்காவிட்டாலும் வயல் வயலாகவே கிடக்கட்டும் என்றுதான் கேட்கிறேன்.

சித்தப்பாவைப் பார். நெல்லை விட்டுவிட்டு வாழை வைத்தார், நாலு வருஷம் நல்ல காசு. 2017 நவம்பர் 30-ல் ஒக்கி புயல் வந்து குலை தள்ளின வாழையை எல்லாம் ஒரே நாளில் முறித்துப் போட்டது. அன்றைக்கு அவர் வரப்பில் உட்கார்ந்து அழுததை நான் பார்த்தேன். ஆனால் வெட்டித் தள்ளிவிட்டு மறுபடியும் கன்று வைத்தார், வைக்க மண் இருந்தது. கொரோனா வருஷத்தில் வேலை போய் வளைகுடாவிலிருந்து எத்தனை பிள்ளைகள் திரும்பி வந்தார்கள். அதில் யாரையாவது ஊர் கேவலமாகப் பேசினதா? வீட்டு அரிசி இருந்தது, சாப்பிட்டார்கள், ஒரு வருஷம் தட்டுத்தடுமாறி அப்புறம் ஆளுக்கொரு வழி பார்த்துக்கொண்டார்கள். வேலை போவதும் வருவதும் மனுஷன் கையில் இல்லை. யாரையும் மனதில் வைத்து இதைச் சொல்லவில்லை.

ஜூன் மாசம் ஊரில் ஸ்கூல் அட்மிஷன் கிடைக்குமா என்று மருமகள் அக்காவிடம் கேட்டாளாம். எங்களுக்குக் குட்டி இங்கே வந்தால் சந்தோஷம்தான், கேட்கவா வேண்டும், ஆனால் நீ அங்கே தனியாக இருந்து என்ன சாப்பிடுவாய்? முன்னெல்லாம் வீடியோவில் வருவாய், இப்போது குரல் மட்டும்தான் வருகிறது. எங்களுக்கு மாசாமாசம் பணம் அனுப்ப வேண்டாம் மக்களே, அதைப் பற்றி யோசித்துக்கொண்டே இருக்காதே. என் பென்ஷன் எங்கள் ரெண்டு பேருக்கும் மருந்துக்கும் போதும், மிச்சமும் இருக்கிறது. உனக்கு ஏதாவது நெருக்கடி என்றால், இருக்கிறது என்று நான் சொல்லவில்லை, இருந்தால், என் வளையலும் பதக்கம் வைத்த செயினும் பீரோவில் சும்மாதான் கிடக்கின்றன. சொசைட்டியில் நகைக்கடன் தருகிறார்கள். அதுவும் போதாவிட்டால் மேலத்துண்டை மறுபடி ஒத்திக்குக் கொடுக்கலாம், ஏற்கனவே ஒருமுறை கொடுத்துத் திருப்பினதுதானே. ஒத்தியைத் திருப்பலாம், மண் தட்டினதைத் திருப்ப முடியாது. அவசரப்படாதே. கடன் வாங்கி வட்டிக்கு வட்டி கட்டாதே. கிரெடிட் கார்டை நம்பாதே. எதுவானாலும் அவசரப்படாதே.

அப்பாவிடம் நீயே பேசு. திட்டுவார் என்று பயப்படாதே. அவர் கோபமெல்லாம் நீ கேட்கவில்லை என்பதில்தான், கேட்டால் இறங்கிவிடுவார். அவரும் பத்திரத்தோடு சேர்த்து உன்னையும் நினைத்துக்கொண்டுதான் ராத்திரி எழுந்து உட்காருகிறார்.

கும்பப்பூ பால் பிடித்துவிட்டது, மாசியில் அறுப்பு. பெரியம்மா மகன் லீவு முடிந்து அதற்கு அப்புறம்தான் அங்கே கிளம்புகிறான், புழுங்கலரிசி கொடுத்துவிடுகிறேன், எத்தனை கிலோ தூக்குவான் என்று நீயே அவனிடம் பேசிக்கொள். ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்து நாங்கள் வீட்டில்தான் இருப்போம், வீடியோவில் கூப்பிடு, மருமகளையும் குட்டியையும் பக்கத்தில் உட்கார வை. அந்த புரோக்கர் திரும்ப வருவதற்குள் வயல் விற்பனைக்கு இல்லை என்று நீயே அவனுக்கு எழுதிவிடு. நான் சொன்னால் அவன் கேட்க மாட்டான், நீ சொன்னால்தான் கேட்பான்.

இப்படிக்கு,
அம்மா